ஒரு சாண் முதுகு

ஃபாரஸ்ட் கேட்டில் ரயில் பாதைக்குப் பின்னால் ஓடும் தெருவொன்றில், வீட்டின் முன்னறையைத் தையலறையாக்கி வைத்திருந்தாள் றொசாந்தி. மன்னார் பேசாலையில் பிறந்தவள். லண்டனுக்கு வந்து பத்தொன்பது வருடமாகிறது. வாரத்தில் மூன்று நாள் ஈஸ்ட் ஹாமில் ஒரு சேலைக் கடையின் மாடியில் பிளவுஸ் தைப்பாள். மற்ற நாட்களில் வீட்டு வேலை. கணவன் நிர்மலன் செத்து நாலு வருடம். மகள் அனோஜினி பல்கலைக்கழகத்துக்குப் போய்விட்டாள். வீட்டில் சத்தம் போடுவது மெஷின் ஒன்றுதான்.

முன்பெல்லாம் அவளிடம் வருவது யாழ்ப்பாணத்துப் பெண்களும் மன்னார்ப் பெண்களும்தான். கடந்த நாலைந்து வருடமாகத்தான் மலையாளிப் பெண்கள் வரத் தொடங்கினார்கள். நர்சுகள், முதியோர் இல்லங்களில் வேலை செய்பவர்கள், படிக்க வந்தவர்கள். இடுக்கி, கண்ணூர், வயநாடு என்று மலையும் ரப்பர்த் தோட்டமுமான ஊர்களிலிருந்து வந்த பிள்ளைகள். நாட்டுப்புறத்துப் பிள்ளைகள்தானே, கழுத்தை மூடிக் கையை நீட்டி அடக்கமாகத் தைத்துக் கொடுத்தால் போதும் என்றுதான் றொசாந்தி முதலில் நினைத்திருந்தாள். அந்த நினைப்பை ஒரே நாளில் மாற்றியவள் ஜிஸ்மோள்.

இரண்டு வருடத்துக்கு முன் ஓணத்துக்கு ஒரு வாரம் இருக்கும்போது வந்தாள். கையில் பொன் சரிகைக் கரை போட்ட வெள்ளைக் கசவுச் சேலை.

"சேச்சி, இதப் பாவாடையா வெட்டணும். மேல கறுப்பு வெல்வெட். கை வேண்டா," என்று போனில் படத்தைக் காட்டினாள். நெடுங்கண்டத்துக்குப் பக்கத்தில் ஏலக்காய்த் தோட்டங்களுக்கு நடுவே இருக்கும் ஊர் அவளுடையது. தோட்டத்துத் தமிழர்களோடு வளர்ந்ததால் தமிழ் சரளமாக வந்தது. நடுநடுவே மலையாளம் எட்டிப் பார்க்கும்.

றொசாந்திக்கு அந்தச் சேலையை வெட்ட மனம் வரவில்லை. "உங்கடை ஊரிலை இப்பிடிப் போட விடுவினமோ பிள்ளை?"

ஜிஸ்மோள் சிரித்தாள். "எங்க ஊர்லதான் சேச்சி இத முதல்ல போட்டேன். காலேஜ்ல எல்லாரும் இப்படித்தான். இங்க வந்தப்புறம்தான் ஆளுக உத்துப் பாக்கறாங்க. இருபது வருஷம் முன்னாடி வந்த ஆன்ட்டிமாருக்கு, ஊர் அவங்க விட்டுட்டு வந்த மாதிரியே இருக்கணும்."

அதன் பிறகு மாதம் ஒரு முறையாவது வருவாள். ஒரு தடவை ஜீன்சுக்கு மேல் போட, கேரளத்து இரட்டை வேட்டியான பழைய செட்டுமுண்டின் கரையை வெட்டி எடுத்துச் சட்டையில் வைத்துத் தரச் சொன்னாள். இன்னொரு தடவை, அந்தக் காலத்துக் கிறிஸ்தவப் பெண்கள் உடுத்த சட்டையும் முண்டும் வேண்டும், பின்பக்கம் விசிறி மாதிரி மடிப்போடு வேண்டும் என்றாள். அவளுக்குப் பழசு, புதுசு என்று இரண்டு அலமாரி கிடையாது. பிடித்தால் போடுவாள், அவ்வளவுதான். றொசாந்திக்கு அது பிடித்திருந்தது. வெளியில் சொன்னதில்லை.

இந்த வருடம் பெப்ரவரியில் வந்தபோது, கல்யாணம் நிச்சயமாகிவிட்டது என்றாள். மாப்பிள்ளை ஜெரின். நாலு வயதில் இங்கே வந்து வளர்ந்தவன், வடக்கு லண்டனில், எட்மண்டனில் வீடு. அவனுடைய தாயின் பெயரைச் சொன்னதும் றொசாந்தி ஊசியைக் கீழே வைத்துவிட்டாள்.

"லிஸ்ஸி சிஸ்டரோ? டயாலிசிஸ் வார்ட்டிலை இருந்தவவோ?"

"ஆமா சேச்சி. தெரியுமா?"

தெரியுமாவா! நிர்மலன் மூன்று வருடம் வாரத்துக்கு மூன்று முறை அந்த வார்ட்டில் கிடந்தவன். ஊசியைக் கண்டாலே உடம்பு விறைத்துப்போகும் மனிதனின் கையைப் பிடித்துக்கொண்டு, கோயம்புத்தூரில் நர்சிங் படித்தபோது கற்ற தமிழில் கதை சொல்லிச் சொல்லி ஊசி ஏற்றியவள் லிஸ்ஸி. அவனுடைய கடைசி நாளில், டாக்டர்கள் ஒன்றும் சொல்லாதிருக்கும்போதே தன் சொந்தப் போனிலிருந்து கூப்பிட்டு, "றொசாந்தி, வேலைய விட்டுட்டு இப்பவே வா," என்று சொன்னவள். அந்த ஒரு அழைப்பால்தான் றொசாந்தி கடைசி இருபது நிமிடம் கணவன் பக்கத்தில் இருந்தாள்.

ஆகவே இந்தக் கவுனை உயிரைக் கொடுத்துத் தைப்பது என்று முடிவு செய்தாள். அவள் முழுதாகத் தைக்கும் முதல் கல்யாணக் கவுன் அது. கையும் கழுத்தும் மூடிய வெள்ளைச் சாட்டின். பின்னால் மட்டும் பிடரியிலிருந்து ஒரு சாண் ஆழத்துக்குக் கூராக இறங்கும் திறப்பு. அதன் ஓரமெல்லாம் லேஸ். அது முடியும் இடத்திலிருந்து இடுப்புவரை முத்துப் பொத்தான்கள். ஜிஸ்மோள் வரைந்து கொண்டுவந்தது. பொத்தான் ஒவ்வொன்றுக்கும் துணியிலேயே காது வைத்து, கையால் தைத்தாள். ஏப்ரல் முழுவதும் அதற்கே போயிற்று. தைத்து முடித்துப் பொம்மையில் மாட்டிவிட்டுப் பார்த்தபோது, தன் கைதானா இதைச் செய்தது என்று அவளுக்கே நம்ப முடியவில்லை.

கல்யாணம் மே மாதத்தில் ஒரு சனிக்கிழமை. அதற்கு முந்திய செவ்வாய்க்கிழமை காலையில் லிஸ்ஸி வந்தாள். இரவு ஷிப்ட் முடிந்து நேரே வந்திருக்கிறாள். யூனிபோர்முக்கு மேல் கோட். கதவைத் திறந்த றொசாந்தி சந்தோஷத்தில் ஓடிப்போய் நாற்காலியை இழுத்துப் போட்டாள். ஆனால் லிஸ்ஸி உட்காரவில்லை. பொம்மையைச் சுற்றிப் பின்பக்கம் போய் நின்றாள். விரலால் அந்தத் திறப்பை அளந்து பார்த்தாள்.

"இத மூடணும் றொசாந்தி."

"சிஸ்டர்?"

"உள்ள லைனிங் குடுத்து, மேல லேஸ் வெச்சு, கழுத்துவரைக்கும். முடியுமில்லையா?"

"ஏலும் சிஸ்டர். ஆனா ஜிஸ்மோள்..."

"அவகிட்டச் சொல்ல வேண்டா." லிஸ்ஸியின் குரல் உயரவே இல்லை. "சொன்னா வாக்குவாதம் வரும். சனிக்கிழமை காலைல போடும்போது பார்ப்பா. அப்ப நேரம் இருக்காது. கொஞ்சம் அழுவா, அப்புறம் போட்டுக்குவா."

றொசாந்தி பொம்மையின் முதுகில் லேஸை நீவினாள்.

"நான் கெட்டவ இல்ல றொசாந்தி. முந்நூறு பேர் வர்றாங்க. எல்லாம் இருபது வருஷமாத் தெரிஞ்ச ஆளுக. பூசை வைக்கற அச்சன் பலிபீடத்துல நின்னு என்ன நினைப்பார்? அந்தப் பிள்ளைக்கு அப்பனும் அம்மாவும் பக்கத்துல இல்ல. விசா கிடைக்கல. மலை மேல இருக்கற பாவங்க, போன்ல பாக்கப் போறாங்க. மகள் முதுகைக் காட்டிட்டு நிக்கறதப் பாத்தா அவங்க மனசு என்ன பாடு படும்? அம்மா ஸ்தானத்துல இருந்து நான்தானே பாக்கணும்?" சற்று நிறுத்திவிட்டுச் சொன்னாள். "நிர்மலன் இருந்தா, சிஸ்டர் சொல்றதச் செய்னுதான் சொல்லியிருப்பான்."

"ஓம் சிஸ்டர். செய்து தாறன்," என்றாள் றொசாந்தி.

லிஸ்ஸியின் கார் போன பிறகும் வெகுநேரம் கதவைப் பிடித்தபடியே நின்றிருந்தாள்.

புதன்கிழமை ஐந்து மணிக்கு ஜிஸ்மோள் கடைசியாகப் போட்டுப் பார்க்க வருவதாக இருந்தது. மெஷின் பழுது, வெள்ளிக்கிழமைக்குள் முடித்துவிடுவேன், சனிக்கிழமை காலையில் நானே கொண்டுவந்து உடுத்திவிடுகிறேன் என்று றொசாந்தி செய்தி அனுப்பினாள். எழுதி அனுப்பிவிட்டுப் போனைக் கவிழ்த்து வைத்தாள். அவள் வாடிக்கையாளருக்குப் பொய் சொன்னதில்லை. தாமதமானால் தாமதம் என்பாள். பிழை விட்டால் பிழை என்பாள்.

வியாழக்கிழமை மத்தியானம் மணியடித்தது. ஜிஸ்மோள். முதியோர் இல்லத்து நீல யூனிபோர்ம், தோளில் பை, மழையில் நனைந்த தலை. கவுன் மாடிப் படுக்கையறையில், வெட்டி வைத்த லைனிங் துணியோடு கட்டிலில் கிடந்தது.

"சும்மா வந்தேன் சேச்சி. பயமா இருக்கு. ஒரு தடவ பாத்துட்டுப் போகட்டா?"

"மெஷின் நேற்றே சரிவந்திட்டுது பிள்ளை. ஸ்டீம் பண்ணிப் பைக்குள்ளை மூடிப்போட்டன். இப்ப திறந்தாக் கசங்கிப்போடும்."

ஜிஸ்மோள் தலையாட்டினாள். சந்தேகப்படவில்லை, அதுதான் றொசாந்திக்குத் தாங்கவில்லை. "சரி, வேண்டா. சேச்சி கையில இருக்கு, எனக்கு அது மதி, போதும்."

ஈரச் சப்பாத்தோடு உள்ளே வர மனமில்லாமல் வாசலிலேயே நின்று பேசினாள். கல்யாணம் முடிந்து எட்மண்டன் வீட்டுக்குத்தான் போகிறார்கள். வீட்டுக்கு ஆள் வரும்போது ஜீன்ஸ் வேண்டாம் என்று ஜெரினின் மம்மி சொல்லியிருக்கிறாள். ரிசப்ஷனுக்குச் சட்டையும் முண்டும் உடுக்கலாமா என்று கேட்டதற்கு, அது கிழவிகள் உடுப்பு, ஆட்கள் சிரிப்பார்கள், பட்டுச் சேலை கட்டு என்றாளாம்.

"நீ என்ன சொன்னனீ?"

"சரின்னேன். எல்லாத்துக்கும் சரின்னேன் சேச்சி. சண்டை போட எனக்கு இங்க யாரும் இல்லையே. இந்தக் கவுன் ஒண்ணு மட்டும் என் இஷ்டம்."

"அந்தப் பின்பக்கம்... அது ஏன் உனக்கு அவ்வளவு பிடிச்சது?" றொசாந்தி தன்னையறியாமல் கேட்டுவிட்டாள். ஏதாவது ஒரு காரணம் கிடைத்தால், அதைக் கொண்டுபோய் லிஸ்ஸியிடம் பேசிப் பார்க்கலாம் என்ற நப்பாசை.

ஜிஸ்மோள் யோசித்தாள். "காரணம் ஒண்ணும் இல்ல சேச்சி. அழகா இருக்கு. பிடிச்சிருக்கு. அது போதாதா?"

சொல்லிவிடு, இப்போதே சொல்லிவிடு என்று மனம் அடித்துக்கொண்டது. "நனையாமல் போ பிள்ளை," என்றுதான் சொன்னாள். ஜிஸ்மோள் மழையில் இறங்கி ஓடிப் பஸ் ஏறினாள்.

வெள்ளிக்கிழமை காலையில் றொசாந்தி லைனிங்கை வைத்துத் தைத்தாள். இரண்டு முறை தைத்தாள். நாலு மணி நேர வேலை. பழக்கதோஷத்தில் நெருக்கி நெருக்கித்தான் தைத்தாள். தளரத் தைக்க அவளுக்குத் தெரியாது. கழுத்தோரத்தில் கடைசி முடிச்சைப் போட்டதும் லிஸ்ஸிக்கு "முடிந்தது" என்று ஒரு சொல் அனுப்பினாள். கும்பிடும் கைகள் இரண்டு பதிலாக வந்தன.

சனிக்கிழமை காலை எட்டரைக்கு ஈஸ்ட் ஹாமில் ஜிஸ்மோள் தங்கியிருந்த வீட்டுக்குப் போனாள். ஐந்து மலையாளிப் பெண்கள் வாடகைக்கு இருக்கும் வீடு. எல்லாரும் கீழே தலைவாரிக்கொண்டும் பூ வைத்துக்கொண்டும் நின்றார்கள். ஜிஸ்மோள் மாடியறையில் தனியாக இருந்தாள். ஜன்னல் விளிம்பில் போனைச் சாய்த்து வைத்திருந்தாள். திரையில் அவளுடைய தாய் மேரிக்குட்டி, நைட்டிக்கு மேல் தோளில் துவாயோடு, தேநீர்க் கோப்பையைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள். அங்கே பகல் ஒரு மணி. பெருமழை ஓட்டில் விழும் சத்தம் போனில் இரைந்தது.

மேரிக்குட்டியின் முகத்தைப் பார்க்காமல் றொசாந்தி பையைத் திறந்தாள். கவுனைத் தலைவழியே இறக்கி, பொத்தான்களைப் பூட்டினாள். ஜிஸ்மோள் கண்ணாடியைப் பார்த்துச் சிரித்தாள். பிறகு தோளுக்கு மேலால் திரும்பிப் பார்த்தாள்.

சிரிப்பு அப்படியே நின்றது. கையைப் பின்னால் கொண்டுபோய்த் தடவினாள். லேஸ். அதன் அடியில் சாட்டின். கழுத்துவரை.

"சேச்சி, இது என்ன?"

றொசாந்தி வெறும் பையை மடித்தாள்.

"யார் சொன்னது?"

"லிஸ்ஸி சிஸ்டர் வந்தவா. செவ்வாய்க்கிழமை."

"முந்தாநாள் நான் வாசல்ல நின்னேனே. அப்பவே தெரியுமா?"

"ஓம்."

ஜிஸ்மோள் அழுவாள் என்று லிஸ்ஸி சொல்லியிருந்தாள். அவள் அழவில்லை. கட்டிலில் உட்கார்ந்து, முழங்காலில் இரண்டு கைகளையும் வைத்துக்கொண்டு, தரையைப் பார்த்தாள். அழுதிருந்தால் றொசாந்தி தேற்றியிருப்பாள். இந்த மௌனத்துக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. தேவாலயத்துக்குப் போகும் கார் வர ஒன்றரை மணி நேரம் இருந்தது.

"கழட்டு பிள்ளை," என்றாள் றொசாந்தி.

"என்ன?"

"கழட்டு. நான் பிரிச்சுத் தாறன்."

கவுனை வாங்கி மடியில் போட்டுக்கொண்டு ஜன்னலடியில் உட்கார்ந்தாள். தையல் பிரிக்கும் சின்னக் கவைக்கத்தியை எடுத்தாள். நெருங்கின தையல். வெள்ளைத் துணியில் வெள்ளை நூல். ஒரு கண் தவறினால் சாட்டின் கிழியும். கிழிந்தால் மறைக்க வழியில்லை. ஒவ்வொரு தையலாக நூலை அறுத்து, இழுத்து, ஊதி, அடுத்ததற்குப் போனாள். ஜிஸ்மோள் ஒரு ஹவுஸ்கோட்டைச் சுற்றிக்கொண்டு எதிரில் நின்றாள். ஒன்பதேகால். ஒன்பதரை. ஒரு பக்கம் முடியவில்லை. முதுகில் வியர்வை வழிந்தது. போனில் மேரிக்குட்டி ஏதோ கேட்டாள்; மகள் மலையாளத்தில் இரண்டு வரியில் பதில் சொன்னாள். பிறகு மழைச் சத்தம் மட்டும்.

பத்துக்குப் பத்து நிமிடம் இருக்கையில் படியில் காலடி கேட்டது. லிஸ்ஸி. பச்சைப் பட்டுச் சேலை, கையில் மணப்பெண்ணுக்கான பூச்செண்டு. வாசலில் நின்றவள் றொசாந்தியின் மடியைப் பார்த்தாள்.

"றொசாந்தி, நீ என்ன செய்யற?"

றொசாந்தி நிமிரவில்லை. நிமிர்ந்தால் கை நின்றுவிடும் என்று பயந்தாள். "பிரிக்கிறன் சிஸ்டர்."

"நிறுத்து. வாக்குக் குடுத்த இல்லையா?"

"ஓம், குடுத்தனான். பிழையாக் குடுத்திட்டன்." கை ஓடிக்கொண்டிருந்தது. "நீங்கள் அவருக்குச் செய்ததை நான் சாகுமட்டும் மறக்கமாட்டன் சிஸ்டர். என்னட்டை என்ன வேணுமெண்டாலும் கேளுங்கோ. இது என்ரை உடுப்பில்லையே. இந்தப் பிள்ளையின்ரை."

லிஸ்ஸி ஜிஸ்மோளின் பக்கம் திரும்பினாள்.

"மம்மி," என்றாள் ஜிஸ்மோள். கைகளைக் கட்டிக்கொண்டிருந்தாள். "என்கிட்டக் கேட்டிருந்தா நான் வேண்டான்னு சொல்லியிருப்பேன். அதனாலதானே கேக்கல?"

லிஸ்ஸியின் முகம் சிவந்தது. விறுவிறுவென்று ஜன்னலுக்குப் போனாள். போனை எடுத்து முகத்துக்கு நேரே பிடித்தாள். மலை மேல் இருக்கும் தாய் தன் பக்கம் நிற்பாள் என்று அவள் முழுதாக நம்பியது தெரிந்தது. மலையாளத்தில் வேகமாகச் சொன்னாள்: பாருங்கள், முதுகு தெரியத் தேவாலயத்துக்குப் போகிறாளாம், நான் மறைக்கச் சொன்னது தப்பா?

மேரிக்குட்டி கோப்பையைக் கீழே வைத்தாள். அவள் குரலில் கோபம் இல்லை. கொஞ்சம் கூச்சம்தான் இருந்தது. இத்தனை வருடம் மலையாளிப் பெண்களோடு பழகியதில் றொசாந்திக்கு ஒவ்வொரு சொல்லும் விளங்கியது. அந்தப் படத்தை மகள் வரைந்தபோது நானும் வீடியோவில் கூட இருந்தேன் சேச்சி, என்றாள் மேரிக்குட்டி. முதலில் இரண்டு விரல் அளவுதான் வரைந்தாள். இன்னும் கொஞ்சம் இறக்கு, இங்கே பக்கத்து வீட்டு மணப்பெண் போட்டது இதைவிட நன்றாயிருந்தது என்று சொன்னது நான்தான்.

கடைசியில், "அவளுடெ உடுப்பல்லே சேச்சி," என்றாள். "அவள் இட்டோட்டே." அவளுடைய உடுப்புத்தானே, போட்டுக்கொள்ளட்டும்.

லிஸ்ஸி போனை மெதுவாக ஜன்னல் விளிம்பில் வைத்தாள். அது சரிந்தது, நிமிர்த்தி வைத்தாள். பூச்செண்டைக் கட்டிலில் வைத்துவிட்டு, யாரையும் பார்க்காமல் படியிறங்கிப் போனாள்.

பத்தேகாலுக்குக் கார் வந்து ஹார்ன் அடித்தது. கடைசி நான்கு விரல்கடைத் தையல் இன்னும் இருந்தது. கீழே நின்ற பெண்கள் கார்க்காரனிடம் பேச்சுக் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். பத்து இருபத்தைந்துக்கு லைனிங் கையோடு வந்தது. சாட்டின் கிழியவில்லை. ஆனால் லேஸின் ஓரமெல்லாம் ஊசி போன புள்ளிகள் வரிசையாகத் தெரிந்தன. றொசாந்தி நகத்தால் நீவிப் பார்த்தாள். போகவில்லை.

ஜிஸ்மோளுக்குப் பொத்தான்களைப் பூட்டி, முக்காட்டு வலையைக் கொண்டையில் குத்தினாள். திரையில் மேரிக்குட்டி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். படிக்கு வந்ததும் ஜிஸ்மோள் திரும்பினாள்.

"சேச்சி என்கிட்டச் சொல்லியிருக்கலாம்," என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. நன்றியும் சொல்லவில்லை. கவுனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு இறங்கிப் போய்விட்டாள்.

தேவாலயத்தில் ஒன்றும் நடக்கவில்லை. அச்சனுக்குத் தடிமன், தும்மலை அடக்குவதிலேயே அவருடைய கவனம் போயிற்று. முந்நூறு பேரில் சிலர் குசுகுசுத்திருப்பார்கள். பல பெண்கள் அந்தக் கவுனைத் தைத்தது யார் என்று கேட்டார்கள். லிஸ்ஸி முன்வரிசையில் நேராக உட்கார்ந்திருந்தாள். றொசாந்தி பின்வரிசையில் இருந்துவிட்டுச் சாப்பாட்டுக்கு நிற்காமல் வந்துவிட்டாள்.

ஜூன் போய் ஜூலையும் வந்தது. லிஸ்ஸியிடமிருந்து ஒரு சொல் இல்லை. ஜிஸ்மோளும் வரவில்லை. றொசாந்தி மெஷினில் இருக்கும்போதெல்லாம் அந்த வாசலில் நின்ற ஈரத் தலைதான் நினைவுக்கு வந்தது. கடைசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும், வீட்டுக்குப் போகாமல் எட்மண்டனுக்குப் பஸ் ஏறினாள்.

கதவைத் திறந்தது லிஸ்ஸி.

"மன்னிப்புக் கேக்க வந்தனான் சிஸ்டர்."

"எதுக்கு? பிரிச்சதுக்கா?"

"இல்லை. உங்களுக்கு ஓம் எண்டு சொன்னதுக்கு. ஏலாது எண்டு அண்டைக்கே உங்கடை முகத்துக்கு நேரை சொல்லியிருக்கோணும். உங்களையும் ஏமாத்திப்போட்டன், அவளையும் ஏமாத்திப்போட்டன்."

லிஸ்ஸி கதவின் பிடியை விடவில்லை. உள்ளே விடுவதா வேண்டாமா என்று அவளுக்கே தெரியவில்லை போலிருந்தது. "எனக்கு ரெண்டு மணிக்கு ஷிப்ட் இருக்கு," என்றாள்.

அவளுக்குப் பின்னால் சமையலறையிலிருந்து ஜிஸ்மோள் எட்டிப் பார்த்தாள். முழங்காலில் கிழிந்த ஜீன்ஸ், பெரிய ஆண் சட்டை, கையில் கரண்டி. றொசாந்தியைக் கண்டதும் சிரிக்கவில்லை, முகத்தைத் திருப்பவும் இல்லை.

"மம்மி, இப்ப பன்னெண்டரைதானே," என்றாள். "சேச்சி இரிக்கட்டே. மீன் இருக்கு."

லிஸ்ஸி திரும்பி மருமகளைப் பார்த்தாள். பிறகு கதவை இன்னும் கொஞ்சம் அகலத் திறந்து, வழிவிட்டு ஒதுங்கி நின்றாள். றொசாந்தி சப்பாத்தைக் கழற்றினாள்.